விடுப்பில் ஊருக்கு வருவோரும் காலம் கடந்த சொத்து மேல்முறையீடும்

வளைகுடாவிலிருந்து சில வார விடுப்பில் குமரி மாவட்டத்துக்கு வருபவர், தமக்கும் பங்குள்ள தென்னந்தோப்பைப் பற்றிய வழக்கில் எப்போதோ தீர்ப்பாகிவிட்டது என்பதை வீட்டுக்கு வந்த பிறகுதான் அறிகிறார் என்றால், உறவினரிடம் நியாயம் கேட்பதில் முதல் வாரத்தைக் கழிக்கக் கூடாது. நாகர்கோவில், பத்மநாபபுரம், குழித்துறை, இரணியல் என எந்த ஊர் நீதிமன்றத்தில் வழக்கு நடந்ததோ, அங்கே தீர்ப்புக்கும், அதன் முடிவை முறைப்படி எழுதித் தரும் தீர்ப்பாணைக்கும் (டிக்ரி) உடனே நகல் மனு போட வேண்டும். வழக்கு எண் கைவசம் இல்லாவிட்டால், ஈ-கோர்ட்ஸ் செயலியில் கட்சிக்காரரின் பெயரைக் கொண்டு தேடிப் பார்க்கலாம்.

1963-ஆம் ஆண்டின் கால வரம்புச் சட்டப்படி, மேல்முறையீடு செய்ய மாவட்டத்துக்குள் இருக்கும் மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு 30 நாளும், உயர் நீதிமன்றத்துக்கு, அதாவது நமக்கு அதன் மதுரைக் கிளைக்கு, 90 நாளும் அவகாசம் உண்டு. நகல் தயாராக ஆகும் காலம் இக்கணக்கில் கழிக்கப்படும்; ஆனால் நகல் கேட்காமல் விட்ட நாள்களுக்கு அச்சலுகை கிடையாது.

நீங்கள் ஆஜராகாத நிலையில் தீர்ப்பு ஒருதலையாக, எக்ஸ்பார்ட்டியாக வந்திருந்தால், அதே நீதிமன்றத்திலேயே அதை நீக்கக் கோரலாம். அதற்கும் 30 நாள்தான்; எனினும் சம்மன் முறைப்படி வழங்கப்படாதபோது, தீர்ப்பாணையைப் பற்றித் தெரியவந்த நாளிலிருந்து அது எண்ணப்படும். ஆகவே சம்மனை யார் வாங்கினார், எந்த முகவரியில் ஒட்டினார்கள் என்பதை வழக்குக் கட்டிலிருந்து பார்த்துக்கொள்வது மிக முக்கியம்.

காலம் கடந்துவிட்டால், அச்சட்டத்தின் 5-ஆம் பிரிவின்கீழ் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவை மேல்முறையீட்டுடன் சேர்த்தே தாக்கல் செய்ய வேண்டும். தாமதத்தின் நீளத்தைவிட, சொல்லப்படும் காரணம் ஏற்கத்தக்கதா என்பதே முக்கியம் என்று 1998-இல் உச்ச நீதிமன்றம் கூறி, தமிழ்நாட்டுச் சொத்து வழக்கு ஒன்றில் 883 நாள் தாமதத்தை மன்னித்தது. இதைக் கேட்டு நிம்மதி அடைவோரே அதிகம். அது அவசரப்பட்ட நிம்மதி. போதிய காரணம் இல்லாதபோது இரக்கத்துக்காக மட்டும் தாமதத்தை மன்னிக்க இயலாது என்று பிற்காலத் தீர்ப்புகள் கண்டிப்பாகச் சொல்கின்றன.

‘வெளிநாட்டில் இருந்தேன்’ என்ற ஒற்றை வரி காரணம் ஆகாது என்பதே என் கருத்து. கடவுச்சீட்டின் முத்திரைகள் நமக்குச் சாட்சியாக நிற்பது போலவே எதிராகவும் நிற்கும். தீர்ப்புக்குப் பின் ஒரு கல்யாணத்துக்கோ கோவில் கொடைக்கோ வந்து போயிருந்தால், அந்த விடுப்பில் ஏன் விசாரிக்கவில்லை என்று எதிர்த்தரப்பு வக்கீல் கட்டாயம் கேட்பார். அந்த வருகையை மறைக்காமல், அப்போது என்ன தெரிந்திருந்தது, யார் என்ன சொன்னார், பிறகு எந்தத் தேதியில் உண்மை தெரிந்தது என்று வரிசையாக எழுதி, விடுப்பு அனுமதி, மருத்துவச் சீட்டு, வக்கீலுடன் நடந்த வாட்ஸ்அப் உரையாடல் ஆகியவற்றையும் இணைப்பதே வலுவானது.

பாகப்பிரிவினை வழக்குகளில் இன்னொரு கண்ணி உள்ளது. பங்கு எவ்வளவு என்பதை முதனிலைத் தீர்ப்பாணை முடிவு செய்கிறது. நிலத்தை அளந்து பிரிப்பது இறுதித் தீர்ப்பாணை. ‘இது முதனிலைதானே, கடைசியில் பார்த்துக்கொள்ளலாம்’ என்று இருந்துவிட்டால், முதனிலை ஆணையின் சரிதவறை இறுதி ஆணைக்கு எதிரான மேல்முறையீட்டில் எழுப்ப உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 97-ஆம் பிரிவு இடம் தராது. திருவிதாங்கூர்க் காலத்து மலையாள ஆவணங்களை மொழிபெயர்த்து முடிக்கட்டும் என்று காத்திருப்போரும் உண்டு. தாமத மனுவுக்கு அவை தேவையில்லை.

வக்கீலுக்கு அதிகாரம் தரும் வக்காலத்தையும் அபிடவிட் எனப்படும் பிரமாணப் பத்திரத்தையும் விமானம் ஏறும் முன்பே கையெழுத்திட்டுக் கொடுங்கள். பவர் பெற்ற தம்பி வழக்கை நடத்தலாம். ஆனால் உங்களுக்கு மட்டுமே நேரடியாகத் தெரிந்ததைப் பற்றி உங்களுக்காக அவர் சாட்சி சொல்ல முடியாது. நாள் போதாவிட்டால், திரும்பிய பின் இந்தியத் தூதரகத்தில் சத்தியம் செய்து அனுப்பலாம்.

மேல்முறையீடு போட்டதாலேயே தீர்ப்பாணை நின்றுவிடாது. தாமத மனு நிலுவையில் இருக்கும்போது தடையாணை பெறுவதும் கடினம். எனவே, தீர்ப்பாணையைச் செயல்படுத்தக் கோரும் நிறைவேற்று மனுவை எதிர்த்தரப்பு தாக்கல் செய்திருக்கிறதா, அதற்கு அடுத்த வாய்தா எப்போது என்பதையும் நகல் மனு போடும் அன்றே அதே அலுவலகத்தில் விசாரித்து வக்கீலிடம் சொல்லிவிடுங்கள்.