தட்டட்டில (மொட்ட மாடில) எல் சான்டோ படம் ஓட்டுறது எப்டி

எல் சான்டோ யாருன்னு கேக்குறவங்களுக்கு மொதல்ல சுருக்கமா சொல்லுதேன். மெக்சிகோ மல்யுத்தக்காரர், வெள்ளி கலர் மாஸ்க்கு, 1942லேருந்து அந்தப் பேர்ல ரிங்ல எறங்குனவரு, 1958ல கியூபா போயி ரெண்டு படம் நடிச்சாரு, மொத்தத்துல அம்பது படத்துக்கு மேல ஓடிட்டு.

எங்க செட்டு பொங்கல் முடிஞ்சு ஒரு சனிக்கெழம தட்டட்டில அவரு படம் போடுவோம். ஆடில மட்டும் வச்சிராதீய, ஒருவாட்டி அந்தக் காத்துல ஸ்கிரீனுக்குக் கட்டுன டபுள் வேட்டி பிச்சிக்கிட்டுப் போயி பக்கத்து வீட்டு முருங்க மரத்துல தொங்குச்சு, வாடகை புரொஜெக்டரு வெறுஞ்செவத்துல ஓடிட்டு இருந்துச்சு. தை மாசம்னா காத்தும் இல்ல, பனங்கெழங்கும் கெடைக்கும்.

எந்தப் படம் மொதல்லங்கதுதான் முக்கியம். வரிசையா பாக்கேன்னு கியூபா படத்துல ஆரம்பிச்சீங்கன்னா பாதிப்பேரு எந்திரிச்சுப் போயிருவான், அதுல அவருக்கு பெருசா வேலையே கெடையாது. 1962ல வந்த ரத்தக்காட்டேரி பொம்பளைங்க கூட மோதுற படத்தப் போடுங்க, கருப்பு வெள்ளை, நல்ல பயம். ரெண்டாவதா 1972ல வந்த குவானஹுவாத்தோ மம்மி படம், கலர்ல, அந்த ஊர்ல நெசமாவே மம்மி மியூசியம் இருக்கு. இதுல அவர மாதிரியே மாஸ்க்கு போட்ட மல்யுத்தக்காரங்க புளூ டெமனும் மில் மாஸ்கராஸும் படம் பூரா அடி வாங்குவாங்க, சான்டோ கடைசில வந்து பேர தட்டிட்டுப் போவாரு. புளூ டெமன் ரிங்ல அவரோட பரம எதிரி, படத்துல கூட்டாளி, இத முன்னாடியே சொல்லிருங்க, கூட்டம் இன்னும் கத்தும்.

கத நடுவுல சம்பந்தமே இல்லாம முழு மல்யுத்த மேட்ச் ஒண்ணு வரும், எவனாவது ரிமோட்ட எடுத்து ஓட்டப் போவான், ஓட்ட விடாதீங்க. மெக்சிகோ சனம் டிக்கெட் எடுத்ததே அதுக்கும் சேத்துதான். சப்டைட்டில் இல்லாட்டியும் பரவால்ல, யாராவது ஒருத்தன் திருநவேலி டப்பிங் குடுக்கட்டும், "ஏலே பேய்ப்பயலே, கிட்ட வால"ன்னு சான்டோ பேசுனா அம்புட்டு பொருத்தமா இருக்கு.

பொறவு ஒரு கேள்வி கட்டாயம் வரும், "மாஸ்க்க எப்பம் கழட்டுவான்?" கழட்டவே மாட்டாரு. கோட்டு சூட்டு போட்டு கார் ஓட்டும்போதும் மாஸ்க்கு, லவ் பண்ணும்போதும் மாஸ்க்கு. புதுசா பாக்குறவன் சிரிப்பான். அவன்ட்ட நம்ம சொடலமாடன் கோயில் கொடைத் திருவிழாவ எடுத்துச் சொல்லுங்க, பகல்ல மாமா மச்சான்னு கூப்ட்ட ஆளு ராத்திரி கச்ச கட்டி மணி மாட்டி சாமியாடுற கோமரத்தாடியா வந்து நிக்கும்போது எவனாவது பேரச் சொல்லிக் கூப்பிடுவானா? அப்டி நெனச்சு பாத்தா படம் வேற மாதிரி தெரியும், எனக்கு அப்டித்தான் புடிபட்டுச்சு. நெசப்பேரு ரொடோல்ஃபோ குஸ்மான் உவெர்த்தா, ஆனா படத்துலயும் அவரு சான்டோதான்.

1984 கதைய மட்டும் படம் முடியுறவரைக்கும் வெளிய விடாதீங்க. கெழங்க நார் உரிச்சுக்கிட்டு இருக்கும்போது மெதுவா சொல்லணும், ஜனவரி கடைசில ஒரு டிவி நிகழ்ச்சில மாஸ்க்க கொஞ்சூண்டு தூக்கி மூஞ்சியக் காட்டுனாரு, பிப்ரவரி 5ல மாரடைப்புல போய்ச் சேந்துட்டாரு, மாஸ்க்கோடயே பொதச்சாங்க. போனவாட்டி இதச் சொன்னப்பம் அஞ்சு நிமிசம் ஒருத்தனும் வாயத் தொறக்கல.

பனி எறங்குறதுக்குள்ள புரொஜெக்டர உள்ள கொண்டு வச்சிருங்க, வேட்டிய காலைல அவுத்துக்கலாம்.