ஐரோப்பா, ஆசியா பொது அறிவு: விடைக்குறிப்புகளில் தொடரும் தவறுகள்

கலிலியோ இறந்த ஆண்டிலேயே நியூட்டன் பிறந்தார் என்ற செய்தி, பொது அறிவுக் கையேடுகளில் தலைமுறை தலைமுறையாக இடம்பெற்று வருகிறது. பிளாரன்ஸ் நகருக்கு அருகில் கலிலியோ இறந்தது 1642 ஜனவரி 8 என்றும், இங்கிலாந்தின் லிங்கன்ஷயரில் நியூட்டன் பிறந்தது 1642 டிசம்பர் 25 என்றும் அவற்றில் போட்டிருக்கும். இரண்டு தேதிகளும் அந்தந்த ஊர்க் கணக்குப்படி சரியானவையே. ஆனால் இத்தாலி அப்போது கிரிகோரியன் நாட்காட்டிக்கு மாறிவிட்டிருந்தது. இங்கிலாந்து பழைய ஜூலியன் நாட்காட்டியிலேயே இருந்தது. இன்று நாம் பயன்படுத்தும் கிரிகோரியன் கணக்குக்கு இருவரையும் கொண்டுவந்தால், நியூட்டன் பிறந்த நாள் 1643 ஜனவரி 4 ஆகிவிடும். இருவரையும் ஜூலியன் கணக்கில் வைத்துப் பார்த்தாலோ, கலிலியோ இறந்த நாள் 1641 டிசம்பர் 29 ஆகிவிடும். ஏதேனும் ஒரே நாட்காட்டியை வைத்துக்கொண்டு பார்த்தால், இரு நிகழ்ச்சிகளும் ஒரே ஆண்டில் வரவே வராது.

போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்களுக்குப் பல ஆண்டுகளாக வரலாறும் புவியியலும் சொல்லிக் கொடுத்து வருகிறேன். உழைப்பில் குறை வைக்காத மாணவர் ஒருவர் இப்படிப்பட்ட ஒரு வரியால் மதிப்பெண்ணை இழக்கும்போது மனம் வலிக்கிறது. எந்த நாட்காட்டி, எந்த ஆண்டு நிலவரம், எந்த எல்லை என்ற நிபந்தனையை விட்டுவிட்டு, விடையை மட்டும் மனப்பாடம் செய்வதே இத்தவறுகளில் பெரும்பாலானவற்றுக்கு வேர்.

நாட்காட்டியைச் சற்று விரிவாகப் பார்த்துவிடுவது நல்லது. ஜூலியன் ஆண்டு, சூரியனை ஒட்டிய உண்மையான ஆண்டைவிட ஏறத்தாழ 11 நிமிடம் நீளமானது. நூற்றாண்டுக் கணக்கில் சேர்ந்துவிட்ட இந்தப் பிசகைச் சரிசெய்ய, போப் பதின்மூன்றாம் கிரிகோரி 1582-இல் சீர்திருத்தம் கொண்டுவந்தபோது, அதை உடனே ஏற்ற ஸ்பெயின், போர்ச்சுகல் போன்ற கத்தோலிக்க நாடுகளில் அக்டோபர் 4-க்கு மறுநாள் அக்டோபர் 15 ஆயிற்று. இங்கிலாந்து 1752 வரையிலும், ரஷ்யா 1918 வரையிலும், கிரீஸ் 1923 வரையிலும் மாறவில்லை. ரஷ்யாவின் 'அக்டோபர் புரட்சி' நமக்கு நவம்பரில் வருவது இதனால்தான்: அவர்களது 1917 அக்டோபர் 25, நமது நவம்பர் 7. இதைத் தெரிந்துகொண்டவர்கள் அடுத்ததாகச் செய்யும் தவறு, ரஷ்யத் தேதி எதுவானாலும் 13 நாளைக் கூட்டிவிடுவது. வித்தியாசம் 17-ஆம் நூற்றாண்டில் 10 நாள், 18-இல் 11, 19-இல் 12; 13 நாள் என்பது 1900-க்குப் பிந்தைய கணக்கு. நெப்போலியனின் படையை ரஷ்யப் படை எதிர்கொண்ட பொரோதினோ போர், பழைய கணக்கில் 1812 ஆகஸ்ட் 26-இல் நடந்தது. 12 நாளைக் கூட்டினால்தான் செப்டம்பர் 7 என்ற சரியான தேதி கிடைக்கும்.

நம் நூலகங்களில் ஏப்ரல் 23 அன்று உலகப் புத்தக நாள் கொண்டாடப்படும்போது, ஷேக்ஸ்பியரும் செர்வாண்டிசும் 1616-இல் ஒரே நாளில் இறந்தார்கள் என்று மேடையில் சொல்லப்படுவதைக் கேட்டிருப்பீர்கள். செர்வாண்டிஸ் இறந்தது ஏப்ரல் 22, அடக்கம் நடந்ததே 23 என்பது ஆய்வாளர் பலரின் கருத்து. பதிவேட்டில் உள்ளபடி 23 என்றே கொண்டாலும், தேதி ஒன்றுதான், நாள் வேறு. ஸ்பெயினில் ஏப்ரல் 23 வந்துபோன 10 நாள் கழித்தே இங்கிலாந்தில் ஏப்ரல் 23 வந்தது.

அடுத்தது, பகுதியின் பெயரை முழு நாட்டுக்கும் சூட்டிவிடும் பழக்கம். நெதர்லாந்தில் 12 மாகாணங்கள் உள்ளன. வட ஹாலந்து, தென் ஹாலந்து ஆகிய இரண்டுக்கு மட்டுமே ஹாலந்து என்ற பெயர் உரியது. நாமோ அந்நாட்டவர் அனைவரையும் 'ஒல்லாந்தர்' என்று எழுதிப் பழகிவிட்டோம். பழவேற்காட்டில் அவர்கள் 1613-இல் கட்டிய கோட்டையின் பெயரே இதற்கு மறுப்பாக நிற்கிறது. ஜெல்டிரியா என்ற அப்பெயர், ஹாலந்துக்கு வெளியே கிழக்கில் இருக்கும் கெல்டர்லாந்து மாகாணத்தின் பெயரிலிருந்து வந்தது. ஒல்லாந்தர் என்ற சொல் தமிழில் ஊன்றிவிட்டது, பழைய வரலாற்றை எழுதும்போது அதை ஆள்வதில் குற்றமில்லை. இன்றைய நாட்டின் பெயரைக் கேட்கும் இடத்தில் மட்டும் நெதர்லாந்து என்றே எழுத வேண்டும்.

இங்கிலாந்து, பிரிட்டன் குழப்பமும் இதே இனம்தான். இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் ஒரே அரசாக இணைந்தது 1707-இல். அயர்லாந்து சேர்ந்தது 1801-இல். அதன் பெரும்பகுதி பிரிந்துபோனது 1922-இல். ஆகவே, 1600-இல் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு உரிமைப் பட்டயம் வழங்கிய முதலாம் எலிசபெத்தை 'பிரிட்டன் அரசி' என்பதும், 1639-இல் சென்னையில் இடம் பெற்ற கம்பெனியை 'பிரிட்டிஷ் கம்பெனி' என்பதும் காலப் பிழைகள். இதற்கு நேர்மாறாக, இன்றைய ஐக்கிய இராச்சியத்தின் பிரதமரை 'இங்கிலாந்துப் பிரதமர்' என்று எழுதுவதும் தவறே.

தலைநகரங்களுக்கு வருவோம். என்னிடம் உள்ள பழைய கையேடு ஒன்றில் கஜகஸ்தானுக்கு எதிரே 'அல்மாட்டி' என்று அச்சாகியிருக்கிறது. அதை அடித்து நீல மையில் 'அஸ்தானா' என்றும், பிறகு அதையும் அடித்து 'நூர்-சுல்தான்' என்றும், கடைசியாக ஓரத்தில் மீண்டும் 'அஸ்தானா' என்றும் எழுதி வைத்திருக்கிறேன். 1997-இல் தலைநகரம் அல்மாட்டியிலிருந்து வடக்கே அக்மோலாவுக்கு மாறியது. மறு ஆண்டே அவ்வூருக்குக் கஜக் மொழியில் 'தலைநகரம்' என்றே பொருள்படும் அஸ்தானா என்ற பெயர் வந்தது. 2019-இல் முதல் அதிபர் நூர்சுல்தான் நஜர்பாயேவின் பெயர் சூட்டப்பட்டது. 2022-இல் பழைய பெயரே திரும்பியது. கையேட்டை வாங்கும்போது அட்டையைப் பார்ப்பதற்கு முன் பதிப்பு ஆண்டைப் பாருங்கள் என்று நான் ஓயாமல் சொல்வதற்கு அந்த ஒரு வரியே காரணம்.

பெரிய நகரத்தையே தலைநகரமாக எண்ணிவிடுவது இன்னொரு வழுக்கல். துருக்கியின் தலைநகரம் 1923 முதல் அங்காரா, இஸ்தான்புல் இல்லை. மியான்மருக்கு யாங்கோன் என்று எழுதிவிடுகிறார்கள். அரசு அங்கிருந்து நேப்பிடோவுக்கு 2005-இலேயே கிளம்பிவிட்டது. இலங்கை நாடாளுமன்றம் 1982 முதல் ஸ்ரீ ஜயவர்த்தனபுர கோட்டேயில் கூடுகிறது. நெதர்லாந்தில் நிலைமை தலைகீழ்: அரசும் நாடாளுமன்றமும் த ஹேக் நகரில் இயங்கினாலும், அரசியலமைப்பின்படி தலைநகரம் ஆம்ஸ்டர்டாம்தான்.

எல்லைக் கேள்விகளில்தான் மிகுந்த கவனம் வேண்டும், ஏனெனில் ஐரோப்பாவுக்கும் ஆசியாவுக்கும் இடையில் கடல் போன்ற தெளிவான பிரிவு முழுதும் இல்லை. யூரல் மலையும் காகசஸ் மலையும் மனிதர் ஒப்புக்கொண்ட கோடுகளே. 'ஐரோப்பாவின் மிக உயர்ந்த சிகரம் எது?' என்பதற்குச் சில நூல்கள் மோன் பிளாங்க் என்றும், சில எல்புரூஸ் என்றும் விடை தருவது இதனால்தான். காகசஸின் முக்கிய முகட்டை எல்லையாகக் கொண்டால், அதற்கு வடக்கே நிற்கும் 5,642 மீட்டர் உயர எல்புரூஸ் ஐரோப்பாவுக்குள் வந்துவிடுகிறது. எல்லையை இன்னும் வடக்கே குமா-மானிச் தாழ்நிலத்தில் வரைந்தால் அது ஆசியாவுக்குப் போய்விட, 4,800 மீட்டரைச் சற்றே தாண்டும் மோன் பிளாங்க் முதலிடம் பெறுகிறது. முதல் வழக்கே இன்று பெரிதும் ஏற்கப்படுவதால், வேறு குறிப்பு இல்லாதபோது எல்புரூஸ் என்று எழுதுவதே சரி என்பது என் முடிவு. 'ஆல்ப்ஸ் மலையில்' என்று கேள்வியிலேயே இருந்தால் மோன் பிளாங்க்.

எங்கும் கடலைத் தொடாத அண்டை நாடுகளால் மட்டுமே சூழப்பட்ட நாடுகள் இரண்டு என்ற கேள்விக்கும் இப்படி ஒரு நிபந்தனை உண்டு. ஐரோப்பாவில் சுவிட்சர்லாந்துக்கும் ஆஸ்திரியாவுக்கும் நடுவே உள்ள லிக்டென்ஸ்டைன் பற்றிச் சிக்கல் எதுவுமில்லை. ஆசியாவில் விடை உஸ்பெகிஸ்தான். ஆனால் அதன் அண்டை நாடுகளான கஜகஸ்தானுக்கும் துர்க்மெனிஸ்தானுக்கும் காஸ்பியன் கரை இருக்கிறது. பெயரில் கடல் என்று இருந்தாலும், பெருங்கடலோடு இயற்கையான தொடர்பில்லாத காஸ்பியனைப் புவியியலார் உள்நாட்டு நீர்நிலையாகக் கொள்வதால்தான் அந்த விடை நிற்கிறது.