வழுக்கும் விராலை வீட்டிலேயே சுத்தம் செய்வது எப்படி?

மேட்டூரிலிருந்து சொந்தக்காரர் கொண்டுவந்து கொடுத்தாலும் சரி, சேலத்தில் கடைத்தொட்டியில் நீந்துவதைக் கைகாட்டி வாங்கினாலும் சரி, விரால் வீட்டுக்கு வந்ததும் எழும் கேள்வி ஒன்றுதான்: இதை எங்கே பிடிப்பது?

உயிர்மீன் என்றால் கடையிலேயே "அண்ணா, மண்டையில ஒரு போடு போட்டுக் குடுங்க" என்று சொல்லிவிடுங்கள். காற்றை நேராகச் சுவாசிக்கும் உறுப்பு ஒன்று இதன் தலைக்குள் உண்டு, அதனால் தண்ணீரில்லாத பையில் அஸ்தம்பட்டி வரை வந்தாலும் சிங்க்கில் போட்டதும் துள்ளும்.

அடுத்தது கொழகொழப்பு. என்னை வெகுநாள் மல்லுக்கட்ட வைத்தது இதுதான். மீனைப் போட்டதும் கை தானாகக் குழாய்க்குப் போகும், திறக்காதீர்கள், தண்ணீர் பட்டால் இன்னும் வழுக்கும். வாலைப் பழைய துணியால் இறுக்கிப் பிடித்துக்கொண்டு விறகடுப்புச் சாம்பலை உடம்பு முழுக்க அப்பி, சற்று நேரம் விடுங்கள். வழவழப்பை உறிஞ்சிச் சாந்து மாதிரி கெட்டிப்படும். கத்தியின் முதுகால் அதை வழித்துப் போட்டு, கல் உப்பை வைத்து ஒருமுறை நன்றாக உரசுங்கள். அதற்குப் பிறகுதான் தண்ணீர். தேய்க்கும்போது விரல் நழுவாமல் தோலைப் பற்றினால் சரி, இல்லையென்றால் மறுபடி உப்பு.

துடுப்புகளுக்குக் கத்தரிக்கோல்தான் என் கட்சி, அரிவாள்மனை பழகாத கைக்கு வேண்டாம். செதிலை வாலிலிருந்து தலை நோக்கிச் சுரண்டுங்கள், விராலுக்குத் தலையிலும் செதில் இருக்கும், மறந்துவிடாதீர்கள். வயிற்றை மேலாகக் கீறினால் போதும், ஆழமாகப் போனால் ஈரலை ஒட்டியிருக்கும் பச்சைநிறப் பித்தப்பை உடையும், குழம்பு கசக்கும். உடைந்தே போனால் உடனே கழுவி, பட்ட இடத்தை அறுத்தெறியுங்கள். நடுமுள்ளை ஒட்டிக் கருஞ்சிவப்பாகப் படிந்திருக்கும் ரத்தத்தையும் ஸ்பூனால் சுரண்டுங்கள், கவிச்சி வாடை பாதி அதில்தான். அப்புறம் துண்டு போட்டுக்கொள்ளலாம். சதைக்குள் பொடிமுள் தொல்லை இல்லாததால் குழந்தைகளுக்குத் தைரியமாகக் கொடுக்கலாம்.

பின்சேர்க்கை: அடுக்குமாடியில் சாம்பலுக்கு எங்கே போவது என்று பலர் கேட்டிருந்தீர்கள். கடலை மாவோ அரிசி மாவோ போதும், கொஞ்சம் கூடுதலாகப் பிடிக்கும், அவ்வளவுதான். ஊதுபத்திச் சாம்பல் ஆகுமா என்று ஒருவர் கேட்டார், வேண்டாம் சாமி, குழம்பு மல்லிகை வாசம் அடிக்கும். வறுக்கும்போது துண்டு சுருண்டுகொள்கிறது என்றவர்கள் தோலில் இரண்டு கீறல் போட்டுப் பாருங்கள்.