பொம்மைகளை வைத்து டிவிக்கு ‘டிரையல் பை ஜூரி’ எடுப்பது எப்படி?

ஓபரெட்டாவை, அதாவது நகைச்சுவையான இசை நாடகத்தை, பொம்மைகளை வைத்து எடுக்க நினைப்பவர்களுக்கு, கில்பர்ட் எழுதி சல்லிவன் இசையமைத்த ‘டிரையல் பை ஜூரி’தான் சரியான தொடக்கம். 1875இல் லண்டனில் மேடையேறியது. ஒரே அங்கம், சுமார் 40 நிமிடம், நீதிமன்றம் ஒன்றே களம். பேச்சு வசனம் கிடையாது, முழுக்கப் பாட்டு. ஆகவே ஒலிப்பதிவை முதலில் முடித்து, அதை ஓடவிட்டுப் படம் பிடியுங்கள்.

25 நிமிடமாகச் சுருக்க, கோரஸ் திருப்பிப் பாடும் வரிகளில் கைவையுங்கள். வெட்டிய இடத்தில் சுருதி இடறுகிறதா என்று பியானோவில் முன்பே வாசித்துப் பாருங்கள். நீதிபதி, தான் பதவிக்கு வந்த கதையைப் பாடும் பாட்டில் மட்டும் ஒரு வரிகூட எடுக்காதீர்கள். பணக்கார வக்கீலின் வயதான மகளைக் காதலித்து முன்னேறி, அவளைக் கைவிட்டவர் அவர். காதலியைக் கைவிட்ட எட்வினை அவரே விசாரிக்கிறார்! இது பார்ப்பவர் மனதில் பதியாவிட்டால், முடிவில் எட்வின் கைவிட்ட ஏஞ்சலினாவை நீதிபதியே கட்டிக்கொள்ளும்போது சிரிப்பு வராது.

வாயசைவில்தான் பெரும்பாலோர் சறுக்குவார்கள். பொம்மையின் வாய்க்குள் இருக்கும் பழகாத கை, சொல் வரும்போது மூடிக்கொள்ளும். பொம்மை சொல்லைக் கடித்துத் தின்பதுபோல் இருக்கும். உயிரொலிக்கு வாய் திறக்க வேண்டும். கட்டைவிரலைத்தான் கீழே இறக்க வேண்டும். மற்ற நான்கு விரல்களும் மேலே போனால் பொம்மை கூரையைப் பார்க்கும். வேகப் பாட்டில் ஒவ்வோர் அசைக்கும் திறந்தால் வாய் படபடவென்று அடிக்கும். தாளில் அழுத்தமான அசைகளை வட்டமிட்டு, அவற்றுக்கு மட்டும் திறங்கள். நீட்டிப் பாடும் இடத்தில் வாயைத் திறந்தே வைத்து, தலையை மெல்ல உயர்த்துங்கள். மூச்சுப் பிடித்துப் பாடுவதுபோலவே இருக்கும்.

வழக்கைக் கேட்டுத் தீர்ப்புச் சொல்ல உட்காரும் 12 ஜூரர்களை ஆட்ட 12 பேர் வேண்டாம். தலைவர் உட்பட மூவருக்கு வாய் அசைந்தால் போதும். மற்ற ஒன்பதையும் மும்மூன்றாக ஒரே சட்டத்தில் பொருத்தினால் ஆறு பேர் சமாளிக்கலாம். ஒரே தாளத்தில் சாயும் தலைகள் அந்தக் கோரஸுக்கு அவ்வளவு பொருத்தம்.

ஆட்டுபவர்கள் நின்றபடி வேலை செய்ய, அரங்கைத் தலை உயரத்துக்குத் தூக்கிக் கட்டுங்கள். குள்ளமானவருக்குக் காலடியில் பலகை போடுங்கள். கை சோர்ந்தால் நீதிபதி பாடப்பாட மேஜைக்குள் அமிழ்ந்துபோவார். ஆகவே இரண்டு மூன்று நிமிடத் துண்டுகளாக எடுங்கள். மானிட்டர் கண்ணாடி அல்ல, அதில் இடவலம் மாறித் தெரியும். படப்பிடிப்புக்கு முன் ஒரு வாரமாவது அதைப் பார்த்தே பழகுங்கள்.

‘எ நைஸ் டைலமா’ இத்தாலிய ஓபராவைக் கேலி செய்யும் பல குரல் பகுதி. அங்கே எல்லா வாயும் அசைந்தால் யார் பாடுகிறார் என்றே தெரியாது. முதன்மைக் குரலின் வாயை மட்டும் திறந்து, மற்றவர்களை அசையாமல் அவர் பக்கம் திருப்பி வையுங்கள்.