பதில் வராததைத் தோல்வி என்று எழுதாதீர்கள்

எங்கள் தண்டையார்பேட்டை ஆபீசில் கடைகளில் கார்டு தேய்க்கும் மெஷினுக்குப் புரோகிராம் எழுதுகிறோம். புதிதாகச் சேர்ந்த தம்பி எழுதியதைப் போன வாரம் பார்த்தேன். "முப்பது செகண்ட் பதில் வரலண்ணா, அதான் ஃபெயில்னு போட்டுட்டேன்" என்றான். பத்து வருஷத்துக்கு முன்னால் நானும் இதையேதான் சொன்னேன். இந்த வேலையில் புதியவர்கள் செய்யும் தப்புகளைச் சொல்கிறேன். கார்டு எண்ணில் ஓர் இலக்கம் தப்பாக அடிப்பதையெல்லாம் விட்டுவிடுகிறேன், கார்டு எண் சரிதானா என்று பார்க்கும் லூன் கணக்கு அதைப் பிடித்துவிடும்.

டைம்அவுட் தோல்வி அல்ல

குறித்த நேரத்துக்குள் பதில் வராததைத்தான் டைம்அவுட் என்கிறோம். கடை மெஷினிலிருந்து செய்தி கடையின் வங்கிக்கும், அங்கிருந்து ரூபே, விசா போன்ற நெட்வொர்க்குக்கும், கடைசியாகக் கார்டு கொடுத்த வங்கிக்கும் போகிறது. பதிலும் அதே வழியில் திரும்ப வேண்டும். போகும்போது லைன் அறுந்தால் பணம் கழியாது. வரும்போது அறுந்தால் கழிந்திருக்கும். மெஷினுக்கு இரண்டும் ஒன்றுபோலத்தான் தெரியும்.

நான் புதிதாக இருந்தபோது, தீபாவளிக்கு முந்தின ஞாயிறு, வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் ஒரு துணிக்கடை. நிற்க இடமில்லை, டவர் வந்து வந்து போனது. ஓர் அம்மா 6,400 ரூபாய்க்குப் புடவை எடுத்தார். என் புரோகிராம் ஓடிய மெஷின் 'தோல்வி' என்று சீட்டு அடித்தது. கடைக்காரர் மறுபடி தேய்த்தார். அம்மா போனில் இரண்டு மெசேஜ். "இன்னாப்பா, ரெண்டு வாட்டி எடுத்துக்கினியே!"

இதற்காகவே, கார்டுச் செய்திகளுக்கான பொது வடிவமான ஐஎஸ்ஓ 8583 முறையில் 0400 வரிசைச் செய்தி இருக்கிறது. முந்தைய பரிவர்த்தனையை ரத்து செய்யச் சொல்லும் அதை ரிவர்சல் என்போம். நானும் அனுப்பினேன், ஒரே ஒரு தடவை, செத்துப்போன அதே லைனில்! அதை மெஷினிலேயே எழுதி வைத்து, ஒப்புதல் வரும்வரை திரும்பத் திரும்ப அனுப்ப வேண்டும். மெஷினை அணைத்துப் போட்டாலும் அது மறக்கக் கூடாது. இன்னொரு கூத்தும் உண்டு. பழைய பரிவர்த்தனையை அடையாளம் காட்டும் ட்ரேஸ் எண்ணைக் குறிப்பிடாமல் புது எண் மட்டும் போட்டிருந்தேன். எதை ரத்து செய்வது என்று வங்கிக்கு எப்படித் தெரியும்?

பணம் கழிந்து கடைக்கு உறுதி வராவிட்டால் 5 நாளுக்குள் திருப்ப வேண்டும், தாண்டினால் நாளுக்கு 100 ரூபாய் என்று ரிசர்வ் வங்கி 2019இல் விதித்தது. நல்லதுதான். தீபாவளி முடிந்து வரும் காசில் யார் பட்டாசு வாங்குவது?

திரையில் 'நிலவரம் தெரியவில்லை' என்று காட்டுங்கள். முதல் செய்தியின் கதி தெரியாமல் கார்டை மறுபடி தேய்க்க விடாதீர்கள்.

தொகையைத் தசமத்தில் வைப்பது

புள்ளி வைத்த எண்ணில் கணக்கு நழுவும். 6,400 ரூபாய் என்றால் 640000 பைசா என்று முழு எண்ணாக வையுங்கள்.

சிவிவியை லாக்கில் எழுதுவது

கார்டின் மூன்று இலக்க ரகசிய எண்ணை, மெஷின் செய்ததைப் பதியும் கோப்பில் எழுதவே கூடாது.

ஆபீஸ் வைஃபையில் மட்டும் சோதிப்பது

அங்கே எல்லாம் ஓடும். தம்பியை மெஷினோடு எம்.சி. ரோட்டுக்கு அனுப்பியிருக்கிறேன், செய்தி கிளம்பியதும் சிம்மைப் பிடுங்கச் சொல்லி.