கனமான கறித்துண்டைச் சுட்டதும் வெட்டாதீர்கள்

மதுரைப் பக்கம் வீட்டில் அதிகம் செய்வது சுக்காவும் குழம்பும்தான். சின்னத் துண்டுகள் என்பதால் சட்டியிலிருந்து நேரே இலைக்குப் போகலாம். ஸ்டீக் போலக் கனமான துண்டுக்கு அது ஒத்துவராது. இறக்கியதும் கத்தி வைத்தால் சாறு தட்டில் ஓடிவிடும், வாயில் சக்கைதான் மிஞ்சும்.

கறிக்கடையில் இளங்குட்டியின் தொடைக்கறியாகக் கேளுங்கள். எலும்பும் சவ்வும் நீக்கி, ஒரு இஞ்ச் கனத்துக்கு வெட்டித் தரச் சொல்லுங்கள். முற்றின ஆடு குக்கருக்குத்தான் சரி.

அரை கிலோவுக்கு ஒரு டீஸ்பூன் உப்பு தடவி, 40 நிமிடம் ஃபிரிட்ஜில் மூடாமல் வையுங்கள். எடுத்ததும் துணியால் ஈரத்தை ஒற்றிவிடுங்கள். ஈரம் இருந்தால் மேல்பக்கம் முறுகாது. இரும்பு தோசைக்கல் நன்றாகக் காய்ந்த பிறகு கடலை எண்ணெய் தடவி, பக்கத்துக்கு மூன்று நான்கு நிமிடம் சுடுங்கள். கறிக்குள் குத்திப் பார்க்கும் தெர்மாமீட்டர் ஒன்று அவசியம் வாங்குங்கள். நடுவில் 63 டிகிரி செல்சியஸ் காட்டியதும் இறக்கலாம். அதன்பின் குறைந்தது 3 நிமிடம் ஆறவிட வேண்டும் என்பது அமெரிக்க வேளாண் துறையின் பாதுகாப்பு விதி. ருசிக்கு 5 முதல் 7 நிமிடம் விடுங்கள்.

இறக்கிய பிறகும் வேக்காடு நிற்பதில்லை. வெளிப்புறச் சூடு உள்ளே இறங்கி, நடுப்பகுதி இன்னும் இரண்டு மூன்று டிகிரி ஏறும். நன்றாக வெந்த கறிதான் பிடிக்கும் என்றால் 67-ல் இறக்குங்கள், 70-ஐ ஒட்டி வந்து நிற்கும். சூட்டில் சுருங்கிய தசை இழைகள் நீரைப் பிழிந்து வெளியே தள்ளும். அந்தச் சாறு கொதிக்கக் கொதிக்கத் தண்ணீர் மாதிரி இருக்கும். சற்று ஆறினால் கெட்டிப்பட்டு, வெட்டும்போது அவ்வளவாக ஓடாது.

எங்கே ஆறவிடுகிறோம் என்பதில்தான் பலரும் தவறுகிறார்கள். தட்டையான தட்டில் வைத்தால் அடிப்பக்கம் ஆவியில் நமுத்துப்போகும். இட்லித்தட்டைக் கவிழ்த்து, மேடான குழிகளின் மேல் வையுங்கள். அடியில் காற்று போகும், கசியும் சாறு கீழே வைத்த தட்டில் சேரும். ஃபாயிலால் இறுக்கி மூடினாலும் முறுகல் போய்விடும். மின்விசிறியை நிறுத்திவிடுங்கள். கால் மணி நேரம் விட்டுவிட்டால் ஆட்டுக் கொழுப்பு உறைந்து மேலண்ணத்தில் ஒட்டும்.

பிறகு இழை ஓடும் திசைக்குக் குறுக்கே, அரை விரல் கனத்தில் வெட்டுங்கள். தட்டில் சேர்ந்த சாற்றைக் கொட்டாதீர்கள். இடித்த மிளகும் நாலு சொட்டு எலுமிச்சையும் அதில் கலந்து, வெட்டிய கறி மேலேயே ஊற்றிப் பரிமாறுங்கள்.