குழந்தைகள் நிகழ்ச்சி இயக்குநர்கள் சறுக்கும் இடங்கள்

குழந்தைகள் நிகழ்ச்சியைப் பெரிய தொடர்களுக்கு ஏறும் படிக்கட்டாக நினைத்து வருகிறவர்கள் சீக்கிரமே சறுக்குகிறார்கள். மானிட்டரைச் சுற்றி நிற்கும் பெரியவர்கள் சிரித்துவிட்டால், காட்சி எடுபட்டுவிட்டது என்று முடிவு கட்டிவிடுவார்கள். பார்க்கப் போகிறவர்களில் ஒருவர்கூட அந்தக் கூட்டத்தில் இருக்கமாட்டார்.

ஒரு தெருவைக் களமாகக் கொண்ட அமெரிக்கக் குழந்தைகள் நிகழ்ச்சி 'செசமி ஸ்ட்ரீட்' 1969 நவம்பரில் ஒளிபரப்பாவதற்கு முன், ஆய்வாளர் எட்வர்ட் பாமர் தொலைக்காட்சிக்குப் பக்கத்தில் இன்னொரு திரையை வைத்து, ஏழரை விநாடிக்கு ஒரு படமாக மாற்றிக்கொண்டே இருந்தார். குழந்தையின் கண் எந்தக் கட்டத்தில் அந்தப் பக்கம் ஓடுகிறது என்பதுதான் கணக்கு. மனிதர்கள் மட்டும் தெருவில் பேசிய காட்சிகளில் ஓடியது. கற்பனையையும் நிஜத்தையும் கலக்கக் கூடாது என்று நிபுணர்கள் சொன்னதால்தான் பொம்மைகளைத் தெருவுக்கு வெளியே நிறுத்தியிருந்தார்கள். அந்த அறிவுரையைத் தள்ளிவிட்டுப் பொம்மைகளைத் தெருவுக்குக் கொண்டுவந்தார்கள். பிக் பேர்ட் என்ற பெரிய பறவைப் பொம்மை பிறந்தது அப்படித்தான். இவ்வளவு ஏற்பாடு நம்மால் முடியாதுதான். நான்கு பிள்ளைகளை உட்காரவைத்து, திரைக்கு முதுகைக் காட்டி அவர்கள் முகத்தைப் பார்க்கலாமே! அதைக்கூடச் செய்யாமல் ஒளிபரப்புக்கு அனுப்புவதை என்னால் மன்னிக்க முடிவதில்லை.

அடுத்தது அவசரம். 1996-ல் தொடங்கிய 'புளூஸ் க்ளூஸ்' நிகழ்ச்சியில் தொகுப்பாளர் கேள்வி கேட்டுவிட்டுக் காத்திருப்பார். வீட்டிலிருக்கும் குழந்தை பதில் சொல்ல அந்த இடைவெளி. எடிட்டிங் மேசையில் அதை வெட்டத்தான் கை துடிக்கும். வெட்டாதீர்கள்.

குழந்தை நடிகர்களிடம், "இப்படிச் சொல்லு" என்று நடித்துக் காட்டுவது இன்னொரு தவறு. அதன்பின் அந்தப் பிள்ளையின் வாயிலிருந்து உங்கள் குரல்தான் வரும். பெட்டியைத் திறந்து வியக்க வேண்டிய காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். முதல் முறை விரல்கள் மூடியின் ஓரத்தில் தயங்கும். ஆறாவது டேக்கில் வசனம் முடிவதற்குள் மூடி திறந்துவிடும். வியப்பு வாயில் மட்டும் இருக்கும். ஒத்திகையையே பதிவு செய்துவிடுங்கள், பெட்டிக்குள் இருப்பதை ஒவ்வொரு டேக்குக்கும் மாற்றுங்கள்.

கேமராவைப் பிள்ளையின் கண் உயரத்துக்கு இறக்குவது எல்லோருக்கும் தெரியும், அவசரத்தில்தான் மறந்துபோகிறது.

அட்டவணையிலும் கவனம் வேண்டும். பல நாடுகளில் குழந்தைகளின் படப்பிடிப்பு நேரத்துக்குச் சட்டப்படி வரம்பு உண்டு. பிள்ளை வரும் ஷாட்டுகளை முதலில் முடித்துவிடுங்கள். எதிரே பேசும் பெரியவரின் குளோசப்பை, அந்தப் பிள்ளை வீட்டுக்குப் போனபிறகு, அது நின்ற உயரத்தில் ஒரு அடையாளத்தை ஒட்டி எடுத்துக்கொள்ளலாம்.